வெயில் காலத்தில் நன்றாக இருந்த வீட்டுச் செடிகள் மழை பிடித்ததும் அழுகுகின்றன – டெல்டாக்காரர்கள் சொல்லுங்கள்

புதுக்குடித்தனம் (மயிலாடுதுறை)

எல்லோருக்கும் வணக்கம். புது வீட்டுக்கு வந்த கையோடு நர்சரியில் நாலைந்து செடி வாங்கி ஹாலில் வைத்தோம். ஸ்நேக் பிளான்ட், இசட்-இசட், மணி பிளான்ட், அக்லோனிமா. "இதுக்கெல்லாம் ஒண்ணும் செய்ய வேண்டாம், அது பாட்டுக்கு வளரும்" என்று சொல்லித்தான் கொடுத்தார்கள். சித்திரை வெயிலில்கூட ஜம்மென்று இருந்தன.

ஐப்பசி மழை பிடித்ததும் எல்லாம் தலைகீழ். ஸ்நேக் பிளான்ட்டின் நடு இலை அடியில் கொழகொழவென்று ஆகி, தொட்டால் கையோடு வந்துவிடுகிறது. இசட்-இசட்டில் ஒரு தண்டு முழுக்க மஞ்சள். மண்ணுக்கு மேலே பொடிப்பொடியாகக் கொசு மாதிரி ஏதோ பறக்கிறது. ஒரு நாள் விட்டு ஒரு நாள் ஒரு டம்ளர் தண்ணீர். வெயில் காலத்தில் விட்ட அதே அளவுதான், கூட்டவில்லை. மழையிலும் நனையவில்லை. "வீட்டுக்குள்ள செடி வெச்சா இப்படித்தான் ஆகும்" என்கிறார் மாமியார். என்ன செய்யலாம்?

மன்னை மாடித்தோட்டம் (மன்னார்குடி)

அந்த "அதே அளவுதான்" என்பதில்தான் கோளாறு இருக்கிறது, மேடம்.

வைகாசியில் நீங்கள் ஊற்றிய ஒரு டம்ளர் தண்ணீரில் பாதி காற்றிலேயே போயிருக்கும். மீதியைச் செடி குடித்துவிடும். ஐப்பசி, கார்த்திகையில் நம் ஊரில் காயப்போட்ட துணியே மூன்று நாள் ஆனாலும் காய்வதில்லை, தொட்டி மண் எப்படிக் காயும்? மேகமூட்டத்தில் ஹாலுக்குள் வெளிச்சமும் குறைந்துவிடும். வெளிச்சம் குறைந்தால் செடி உணவு தயாரிப்பதும் குறையும், தண்ணீர் இழுப்பதும் குறையும். நீங்கள் ஊற்றுவதெல்லாம் மண்ணிலேயே தங்குகிறது. மண் இடுக்கில் காற்றுக்கு இடமில்லாமல் வேர் மூச்சுத் திணறிச் செத்துப்போகிறது, செத்த வேரில் பூஞ்சை ஏறுகிறது.

நீங்கள் வாங்கிய நாலில் இரண்டு, தண்ணீரைச் சேர்த்துவைத்துக்கொள்ளும் சாதி. ஸ்நேக் பிளான்ட்டுக்குச் சொந்த ஊர் மேற்கு ஆப்பிரிக்கா, அது தடித்த இலையிலும் கிழங்கிலும் சேர்க்கும். இசட்-இசட் கிழக்கு ஆப்பிரிக்காவிலிருந்து வந்தது. மண்ணுக்கடியில் உருளைக்கிழங்கு அளவுக்குக் கிழங்கு வைத்திருக்கும். மாதக்கணக்கில் மழை பெய்யாத இடத்தில் பிழைக்கப் பழகியவை இரண்டும். மழைக்காலத்தில் இரண்டு மூன்று வாரம் தண்ணீரே காட்டாவிட்டாலும் ஒன்றும் ஆகாது.

கிழமை பார்த்து ஊற்றுவதை விட்டுவிடுங்கள். ஆள்காட்டி விரலை இரண்டு கணு வரை மண்ணில் விடுங்கள். அக்லோனிமாவுக்கும் மணி பிளான்ட்டுக்கும் அந்த ஆழத்தில் காய்ந்திருந்தால் ஊற்றலாம். மற்ற இரண்டுக்கும் தொட்டி அடிவரை காய வேண்டும், தூக்கிப் பார்த்தால் எடையிலேயே தெரிந்துவிடும். ஊற்றும்போது அடித் துளையில் வழியும் வரை ஊற்றுங்கள், தட்டில் தேங்கியதைக் கொட்டிவிடுங்கள். தினம் ஒரு வாய் கொடுப்பதுதான் கெடுதல்.

சும்மா வந்தேன் (தஞ்சாவூர்)

மாமியார் பேச்சைக் கேட்டுப் பிளாஸ்டிக் செடி வாங்குங்க. தூசு தட்டினா போதும் 😄

வல்லம் செம்மண் (தஞ்சாவூர் பக்கம்)

மன்னை சார் சொன்னது சரி. ஆனால் தண்ணீரைக் குறைத்தால் மட்டும் போதாது. நான் நர்சரியில் வேலை பார்ப்பவன், உள் விஷயம் ஒன்று சொல்கிறேன்.

நம் பக்கத்து நர்சரிகளுக்கு வரும் அலங்காரச் செடிகளில் கணிசமானவை ஆந்திராவின் ராஜமுந்திரிக்குப் பக்கத்தில் உள்ள கடியத்திலிருந்து லாரியில் வருகின்றன. அது கோதாவரி டெல்டா. வழியில் குலுங்கி வேர் கலையக் கூடாது என்று, பிடித்தால் பிடித்தபடி நிற்கிற களிமண் உருண்டையில்தான் வேரைக் கட்டி அனுப்புவார்கள். லாரிப் பயணத்துக்கு அது சரி. அதை அப்படியே பெரிய தொட்டியில் இறக்கிச் சுற்றிலும் நல்ல கலவை போட்டால், வெளி மண் காய்ந்த பிறகும் உள்ளே உருண்டை சேறாகவே இருக்கும். விரல் விட்டுப் பார்த்தால் "காய்ந்துவிட்டது" என்று ஏமாற்றும். கோடையில் நேர்மாறு: உருண்டை கல்லாக இறுகி, தண்ணீர் அதன் ஓரத்தோடு வழிந்து போய்விடும்.

செடியைத் தொட்டியிலிருந்து எடுத்துப் பாருங்கள், மேடம்.

புதுக்குடித்தனம்

ஸ்நேக் பிளான்ட்டை எடுத்தேன். வல்லம் சார் சொன்னது அப்படியே இருந்தது. சுற்றிலும் பொலபொலவென்று கறுப்பு மண், நடுவில் சாத்துக்குடி அளவுக்கு வழுவழுவென்று சிவப்பு உருண்டை. கத்தியால் கீறினால் உள்ளே இன்னும் ஈரம் பளபளக்கிறது. வேரைப் பிடித்து இழுத்தால் மேல்தோல் மட்டும் உருவிக்கொண்டு வருகிறது, உள்ளே நரம்பு மட்டும் நூலாக நிற்கிறது. கிழங்கில் பாதி பழுப்பாகிக் குழைந்துவிட்டது. மறுபாதி வெள்ளையாக, கெட்டியாக இருக்கிறது. இசட்-இசட்டின் கிழங்குகளில் ஒன்றுதான் கெட்டிருக்கிறது. பிழைக்குமா?

வல்லம் செம்மண்

கெட்டியாக இருக்கிறது என்றீர்களே, அது போதும்.

கழுவிய கத்தியால் குழைந்த பகுதியை வெட்டுங்கள். வெட்டு வாயில் பழுப்பு துளிகூடத் தெரியாத இடம் வரை போக வேண்டும், இரக்கம் பார்க்காதீர்கள். உருவிக்கொண்டு வரும் வேர் எல்லாம் குப்பைக்கு. களிமண்ணைத் தண்ணீரில் அலசி எடுத்துவிடுங்கள். அப்புறம் உடனே நடாதீர்கள்: நிழலில், ஒரு தினத்தந்தித் தாள் மேல் இரண்டு மூன்று நாள் கிடக்கட்டும். இந்த ஈரத்தில் நாலு நாள்கூட ஆகலாம். வெட்டு வாய் காய்ந்து தோல் கட்டிய பிறகு நடுங்கள். மஞ்சள்தூள் தடவச் சொல்வார்கள், தடவினால் தப்பில்லை, ஆனால் காயவைப்பதற்குப் பதிலாக அது ஆகாது.

நட்டதும் ஒரு வாரம் தண்ணீர் வேண்டாம். தொட்டி, வேர்க் கட்டியைவிட இரண்டு விரல் அகலமாக இருந்தால் போதும். "வளரத்தானே போகிறது" என்று பெரிய தொட்டி வாங்காதீர்கள். வேர் எட்டாத மண்ணெல்லாம் ஈரத்தைப் பிடித்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருக்கும்.

பேராவூரணித் தென்னை

மண் கலவைக்கு என் பங்கு. நம் வயல் வண்டல் நெல்லுக்குச் சொர்க்கம், தொட்டிக்கு ஆகவே ஆகாது. நனைந்தால் இறுகும், காய்ந்தால் வெடித்துத் தொட்டிச் சுவரை விட்டு விலகும். ஆனால் நல்ல கலவைக்கு ஆன்லைனில் மூட்டை வாங்க வேண்டிய அவசியம் டெல்டாவில் யாருக்கும் இல்லை. எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் கிடக்கிறது.

தென்னை நார்க் கழிவு இரண்டு பங்கு, கருக்கிய உமி ஒரு பங்கு, மண்புழு உரம் ஒரு பங்கு, கழுவிய மணல் ஒரு பங்கு. ஸ்நேக், இசட்-இசட் இரண்டுக்கும் நார்க் கழிவைப் பாதியாகக் குறைத்து, கடலை அளவுக்கு உடைத்த செங்கல் துண்டுகளைச் சேருங்கள்.

இதில் கவனிக்க வேண்டியவை சில. நார்க் கழிவில் உப்பு இருக்கும். நாங்கள் கயிற்று ஆலை வாசலில் மூட்டையாக வாங்குவது கழுவாத சரக்கு. ஊறவைத்துப் பிழிந்து, பழுப்புச் சாறு வெளுக்கும் வரை இரண்டு மூன்று தடவை அலச வேண்டும். உமியை அரைகுறையாக எரித்துக் கறுப்பாக எடுக்க வேண்டும். ரைஸ் மில் பாய்லரில் வருகிற சாம்பல் நிறப் பொடி வேறு. அது காரத்தன்மை உள்ளது, மாவாக இறங்கி இடுக்குகளை அடைத்துவிடும். பச்சை உமியும் போடலாம், சீக்கிரம் மக்காது. நெல் கலந்து வந்தால் ஹாலில் நாற்றங்கால் முளைக்கும், அவ்வளவுதான். ஆற்று மணல் கிடைப்பது குதிரைக்கொம்பு என்பதால் எம்-சாண்டைச் சலித்து, மாவு போகக் கழுவிப் போடுங்கள்.

கொல்லைப்புறம் (திருவாரூர்)

எல்லாம் சரி, அடியில் மூன்று விரல் உயரத்துக்கு ஜல்லி போடுவதை யாரும் சொல்லவில்லையே? எங்கள் அப்பா காலத்திலிருந்து அப்படித்தான். தண்ணீர் தேங்காது.

மன்னை மாடித்தோட்டம்

ஐயா, மரியாதையோடு மறுக்கிறேன். பொடி மண்ணில் இருக்கும் தண்ணீர், பெரிய இடைவெளி உள்ள ஜல்லிக்குள் தானாக இறங்கிவிடாது. மேலே உள்ள மண் ஊறி நிறைந்த பிறகுதான் சொட்டும். தொட்டியின் அடியில் எப்போதும் சில விரல் உயரத்துக்கு ஈரம் நிற்கும். ஜல்லி போட்டால் அது போகாது, மண்ணும் ஜல்லியும் சேரும் இடத்துக்கு, அதாவது வேருக்கு இன்னும் பக்கத்தில் ஏறிக்கொள்ளும். பாத்திரம் தேய்க்கும் ஸ்பாஞ்சை நனைத்துப் படுக்கைவாட்டில் பிடியுங்கள், சொட்டி நின்ற பிறகு செங்குத்தாகத் திருப்புங்கள். இன்னும் சொட்டும். மண்ணின் உயரம்தான் தண்ணீரை இறக்குகிறது. துளையை மண் அடைக்காமல் இருக்க ஒரே ஒரு ஓட்டுச்சில்லு கவிழ்த்தால் போதும்.

கொல்லைப்புறம்

ஸ்பாஞ்சை நனைத்துப் பார்த்தேன், சொட்டத்தான் செய்கிறது. இருந்தாலும் அப்பா வைத்த தொட்டியைக் கலைக்க மாட்டேன். அது வராந்தாவில் வெயில் படுகிற இடம், நன்றாகத்தான் இருக்கிறது.

நாகை உப்புக்காற்று

எங்கள் பக்கத்துக் கதை வேறு. இங்கே செடி அழுகிச் சாவதைவிடக் கருகிச் சாவதுதான் அதிகம். இலை நுனி பழுப்பாகி, ஓரத்தோடு கீழே இறங்கும். தொட்டி விளிம்பிலும் மண் மேலும் வெள்ளையாகப் பூத்திருந்தால் சந்தேகமே வேண்டாம், போர் தண்ணீரின் உப்புதான். நாகை, வேதாரண்யம் பக்கம் கொள்ளிடம் கூட்டுக் குடிநீர் குழாயில் வந்தால்தான் வாய்க்கு ருசி. அந்தத் தண்ணீரைச் செடிக்கு ஊற்ற மனசு வராது, போர் தண்ணீரைத்தான் ஊற்றுவோம். ஸ்பைடர் பிளான்ட்டும் டிரசீனாவும் முதலில் காட்டிக்கொடுக்கும். மணி பிளான்ட் கடைசி வரை தாங்கும்.

ஆர்.ஓ. மெஷினின் கழிவுத் தண்ணீரை வீணாக்க வேண்டாம் என்று பலர் செடிக்கு விடுகிறார்கள். வடிகட்டிய உப்பெல்லாம் அதில்தான் இருக்கிறது, போர் தண்ணீரைவிட மோசம். அதை வாசல் கழுவ வைத்துக்கொள்ளுங்கள். ஏசியிலிருந்து சொட்டும் தண்ணீர் காற்றின் ஈரம் குளிர்ந்து வருவது, உப்பு கிடையாது, தாராளமாக ஊற்றலாம். ராத்திரி முழுக்கத் திறந்து வைத்தால் குளோரின் வேண்டுமானால் போகும், உப்பு போகாது.

எல்லாவற்றையும்விட, இந்த மூன்று மாத மழையைப் பிடித்து மூடிய டிரம்மில் வைத்துக்கொள்ளுங்கள். மழை நின்ற ஒரு நாளில் தொட்டியைக் கொல்லைக்குக் கொண்டுபோய், தொட்டி கொள்ளளவைப் போல மூன்று நாலு மடங்கு மழைத் தண்ணீரை மெதுவாக ஊற்றி வடியவிட்டால் சேர்ந்த உப்பு இறங்கிவிடும். ஸ்நேக்குக்கும் இசட்-இசட்டுக்கும் இதை மழைக்காலத்தில் செய்யாதீர்கள், மாசியில் செய்யுங்கள்.

அம்மன் சன்னதி (கும்பகோணம்)

"மூடிய டிரம்" என்றாரே நாகை அக்கா, அதோடு இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். டெங்கு கொசு ஒழிப்பு ஆட்கள் வீட்டுக்கு வந்தால் ஃப்ரிட்ஜின் பின்தட்டு, தொட்டிக்கு அடியில் உள்ள தட்டு, மணி பிளான்ட் பாட்டில், இந்த மூன்றிலும்தான் டார்ச் அடிப்பார்கள். பாட்டில் தண்ணீரை வாரம் ஒரு முறை மாற்றுவது மட்டும் போதாது. ஏடிஸ் கொசு முட்டையைத் தண்ணீர் மட்டத்துக்குச் சற்று மேலே உள்சுவரில் ஒட்டிவைக்கும். காய்ந்தாலும் மாதக்கணக்கில் உயிரோடு இருந்து, நனைந்ததும் பொரியும். அதனால் பாட்டிலின் உள்பக்கத்தை பிரஷ் போட்டுத் தேய்க்க வேண்டும். வாய்ப்பக்கம் பஞ்சு அடைத்துவிட்டால் இன்னும் நிம்மதி.

மேடம் சொன்ன பொடிக்கொசு கடிக்காது. ஈர மண்ணின் பூஞ்சையைத் தின்று வளரும் ஈ அது. மேல்மண் இரண்டு விரல் காய்ந்தால் தானாக அடங்கும். உரக்கடையில் மஞ்சள் ஒட்டுப்பொறி அட்டை கிடைக்கும், ஒரு துண்டு வெட்டிக் குச்சியில் செருகிவையுங்கள். அரிசி கழுவிய தண்ணீர் ஊற்றுகிற பழக்கம் இருந்தால் வீட்டுக்குள் நிறுத்திவிடுங்கள். முருங்கைக்கு ஊற்றுங்கள், அது வேண்டாமென்று சொல்லாது.

மன்னை மாடித்தோட்டம்

கழுநீர் விஷயத்தில் ஒரேயடியாக ஒத்துக்கொள்கிறேன். உரம் பற்றியும் சொல்லிவிடுகிறேன். வயலுக்கு வாங்கிய யூரியாவை ஒரு கை தூவாதீர்கள், வேர் வெந்துவிடும். 19:19:19 என்ற தண்ணீரில் கரையும் உரம் லிட்டருக்கு ஒரு கிராம், மாதம் ஒரு முறை, மாசி முதல் புரட்டாசி வரை. மழைக்காலத்தில் ஒன்றும் வேண்டாம்.

அம்மன் சன்னதி

வெளிச்சம் பற்றி யாரும் விரிவாகச் சொல்லவில்லை. எங்களுடையது பழைய வீடு: திண்ணை, ரேழி, கூடம், முற்றம், இரண்டாம் கட்டு, கொல்லை என்று ரயில் மாதிரி நீளும். இரண்டு பக்கமும் அடுத்த வீட்டுச் சுவர், ஜன்னலே கிடையாது. இங்கே எந்தச் செடி எங்கே நிற்கும் என்பதை முற்றம்தான் முடிவு செய்கிறது.

முற்றத்தைச் சுற்றிய தாழ்வாரத்தில் எல்லாமே செழிக்கும். கும்பகோணத்தில் வெற்றிலைக் கொடிக்காலுக்குள் போயிருக்கிறீர்களா? அகத்தி மரத்து இலைக்கு நடுவே சல்லடை வெளிச்சம் இறங்கும். மணி பிளான்ட், சிங்கோனியம், ஃபிலோடென்ட்ரான், அக்லோனிமா எல்லாம் காட்டு மரங்களுக்கு அடியில் வளர்ந்த சாதி, அவற்றுக்கும் அந்த மாதிரி வெளிச்சம்தான் வேண்டும். ஓட்டிலிருந்து மழைத் தண்ணீர் நேராகக் கொட்டும் கோட்டுக்கு ஒரு முழம் உள்ளே தள்ளி வையுங்கள்.

ரேழியில் இசட்-இசட், ஸ்நேக் இரண்டும்தான் தாக்குப்பிடிக்கும். தாக்குப்பிடிக்கும் என்றுதான் சொல்கிறேன், வளரும் என்று சொல்லவில்லை. இருட்டில் இருக்கிற செடிக்கு ஜன்னலோரச் செடியில் பாதித் தண்ணீர்கூடத் தேவையில்லை. ஒரு சுலபமான சோதனை: நடுப்பகலில் செடிக்கு மேலே ஒரு சாண் உயரத்தில் கையை நீட்டுங்கள். நிழலில் விரல் விரலாகத் தெரிந்தால் எதையும் வைக்கலாம். கை என்று மட்டும் மங்கலாகத் தெரிந்தால் அக்லோனிமா, மணி பிளான்ட். நிழலே விழவில்லை என்றால் அந்த இடத்தில் ஒரு குத்துவிளக்கு வையுங்கள், அழகாக இருக்கும்.

குரோட்டன்ஸை ஹாலுக்குள் கொண்டுவராதீர்கள். வெயில் இல்லாவிட்டால் சிவப்பும் மஞ்சளும் போய், அப்புறம் இலையும் கொட்டும்.

நாச்சியார்கோவில் பக்கம் வாங்கிய பித்தளைப் பானையில் செடி வைப்பது இப்போது எல்லா வீட்டிலும் நடக்கிறது. துளை இல்லாத பானையில் நேராக மண் போடாதீர்கள். செடியைத் துளையுள்ள பிளாஸ்டிக் தொட்டியோடு உள்ளே இறக்குங்கள், தண்ணீர் ஊற்றும்போது வெளியே எடுத்து ஊற்றி, வடிந்த பிறகு திரும்ப வையுங்கள்.

சும்மா வந்தேன்

ஸ்நேக் பிளான்ட் ராத்திரியிலும் ஆக்சிஜன் விடுமாம், பெட்ரூமில் வைத்தால் காற்று சுத்தமாகுமாம். நாசாவே சொல்லியிருக்காமே?

மன்னை மாடித்தோட்டம்

நாசாவின் 1989 ஆய்வு காற்றுப் புகாத சிறு பெட்டிக்குள் செடியை வைத்துச் செய்தது. நம் வீடு அப்படி இல்லை, ஜன்னல் கதவு வழியாகக் காற்று மாறிக்கொண்டே இருக்கும். பழைய சோதனைகளை எல்லாம் சேர்த்துக் கணக்குப் போட்டு 2019-இல் ஒரு ஆய்வுக் கட்டுரை வந்தது. சாதாரணக் காற்றோட்டம் செய்கிற வேலையைச் செடிகள் செய்ய வேண்டுமென்றால் ஒரு சதுர மீட்டருக்கு 10 முதல் 1,000 செடி வரை தேவைப்படும் என்று முடிவு. அப்புறம் நீங்கள் படுக்க இடம் இருக்காது. ஸ்நேக் பிளான்ட் இரவில் இலைத்துளையைத் திறந்து கரியமில வாயுவை இழுக்கும் என்பது உண்மைதான். பகல் வெப்பத்தில் தண்ணீரை இழக்காமல் இருக்க அது கண்ட வழி அது. அதனால் உங்களுக்கு மூச்சு விடச் சுலபமாகும் என்றெல்லாம் இல்லை. அழகுக்காக வையுங்கள்.

நாகை உப்புக்காற்று

தவழும் குழந்தை, பூனை உள்ள வீடுகளுக்கு ஒரு வார்த்தை. மணி பிளான்ட், அக்லோனிமா, சிங்கோனியம், பீஸ் லில்லி, டீஃபன்பேக்கியா, இசட்-இசட் எல்லாம் ஒரே குடும்பம். இலையிலும் தண்டிலும் ஊசி ஊசியாகக் கால்சியம் ஆக்சலேட் படிகம் இருக்கும். சேனைக்கிழங்கு நறுக்கும்போது கை அரிக்குமே, அதே சமாச்சாரம், அதுவும் இந்தக் குடும்பம்தான். கடித்தால் வாய் எரிந்து வீங்கும், டீஃபன்பேக்கியாவில் ரொம்ப அதிகம். வாயைத் துடைத்துக் குளிர்ந்த தண்ணீரால் கொப்பளிக்க வைத்து, வீக்கமோ விழுங்கச் சிரமமோ தெரிந்தால் உடனே டாக்டரிடம் போங்கள். உயரமான அலமாரியில் வைப்பதே உத்தமம். ஸ்பைடர் பிளான்ட் இந்த வகையில் சேராது, பூனை மென்றாலும் பெரிய ஆபத்து இல்லை.

வல்லம் செம்மண்

ஆனி, ஆடி மேல்காற்றையும் மறந்துவிடக் கூடாது. மேற்கு ஜன்னலோரச் செடிகளின் இலை வறண்டு, அடிப்பக்கம் பொடி ஒட்டடையும் புள்ளியும் தெரிந்தால் சிலந்திப்பேன். குளியலறைக்குக் கொண்டுபோய் இலையின் அடிப்பக்கம் படும்படி தண்ணீரைப் பீய்ச்சி அடியுங்கள். இலைக்காம்பு இடுக்கில் வெள்ளைப் பஞ்சு தெரிந்தால் மாவுப்பூச்சி: லிட்டருக்கு 5 மில்லி வேப்பெண்ணெய், சோப்புக் கரைசல் கொஞ்சம் கலந்து சாயங்காலத்தில் அடிக்கலாம். தை, மாசியில் அறுவடை மெஷின் ஓடும்போது ரோட்டோர வீடுகளில் இலை மேல் தூசு அப்பிக்கொள்ளும், ஈரத்துணியால் துடையுங்கள். எண்ணெய் தேய்த்துப் பளபளப்பாக்குகிறேன் என்று ஆரம்பிக்காதீர்கள், தூசு இன்னும் ஒட்டும்.

புதுக்குடித்தனம்

எல்லோருக்கும் ரொம்ப நன்றி. இசட்-இசட்டைப் புதுக் கலவையில் நட்டாயிற்று, மஞ்சள் தண்டை வெட்டிவிட்டேன். மற்ற இரண்டையும் எடுத்துப் பார்த்தேன். அக்லோனிமாவிலும் அதே உருண்டை, ஆனால் வேர் வெள்ளையாக இருக்கிறது. அலசி மாற்றிவிட்டேன். பொடி ஈக்கள் மஞ்சள் அட்டையில் அப்பிக் கிடக்கின்றன, அதைப் பார்த்த பிறகு மாமியாருக்கே சுவாரசியம் வந்துவிட்டது. மணி பிளான்ட்டில் ஒரு கணு வெட்டி அவர் அறைக்குக் கேட்கிறார். பாட்டில் கிடையாது, மண்ணில்தான் என்று சொல்லிவிட்டேன்.

கடைசியாக ஒரு கேள்வி. ஸ்நேக் பிளான்ட்டில் அழுகிய பகுதி போக நல்ல இலைகள் இரண்டு தனியாகக் கிடைத்தன. மஞ்சள் கரை போட்ட ரகம். துண்டு போட்டு நட்டால் வரும் என்கிறார்கள், உண்மையா?

வல்லம் செம்மண்

வரும், ஆனால் கரை வராது. இலைத் துண்டிலிருந்து முளைக்கும் கன்று வெறும் பச்சையாகத்தான் இருக்கும். மஞ்சள் கரையோடு வேண்டுமென்றால் கிழங்கைப் பிரித்து நடுவது ஒன்றே வழி.

பச்சையானாலும் பரவாயில்லை என்றால் நாலு விரல் நீளத்துக்கு வெட்டுங்கள். எது மேல்பக்கம், எது கீழ்ப்பக்கம் என்று பேனாவால் குறித்துக்கொள்ளுங்கள், தலைகீழாக நட்டால் வேர்விடாது. வெட்டு வாய் காய்ந்த பிறகு மணலில் செருகி, ஈரம் தொட்டும் தொடாமலும் வைத்திருங்கள். கன்று தலைகாட்ட மாதக்கணக்கில் ஆகும், அதற்குள் பிடுங்கிப் பிடுங்கிப் பார்க்க வேண்டாம். இப்போதைய ஈரத்தில் செய்தால் பாதி அழுகும், தை பிறக்கட்டும். அதுவரை இலைகளை நிழலில் அப்படியே போட்டு வையுங்கள், கொஞ்சம் சுருங்கும், கெட்டுப்போகாது.